இரவல் நாக்கு

"ரோசக்கா, நாக்கு குடு."

கதவைத் தட்டுவதெல்லாம் கிடையாது. மாடிவீட்டு மும்தாஜ் படியிறங்கி வந்து எங்கள் வாசலில் நின்று இப்படித்தான் கூப்பிடுவாள். அன்றைக்கு வெள்ளிக்கிழமை, பிற்பகல். அவள் கையில் எவர்சில்வர் தட்டு, தட்டின்மேல் கவிழ்த்த கிண்ணம். கிண்ணத்துக்குள் எண்ணெய்ச் சட்டியிலிருந்து அப்போதுதான் எடுத்த ஒற்றைச் சமோசா.

"இன்னிக்கு வேற சீஸுக்கா. எப்பவும் வாங்குற கடையில ஸ்டாக் இல்லன்னுட்டான். நல்லா பார்த்து சொல்லு. எங்க அண்ணன் வருது."

கிண்ணத்தைத் தூக்கினேன். ஆவி முகத்தில் அடித்தது. முனையைக் கடித்ததும் மேல்தோல் நொறுங்கியது. உள்ளே உருகியிருந்த சீஸ் நூலாக இழுபட்டது. பச்சைமிளகாய் உதட்டோரம் சுரீரென்றது. அவ்வளவுதான். அதற்குமேல் வாயில் எதுவுமே இல்லை. ஈர அட்டையை மெல்வதுபோல் இருந்தது.

மும்தாஜ் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"அம்சமா கீது," என்றேன்.

"உப்பு?"

"அளவா கீது. போய் மிச்சத்தப் போடு."

அவள் தட்டை வாங்கிக்கொண்டு படியேறி ஓடினாள். அறுபதைத் தாண்டியும் நான் சொன்ன பொய்கள் பல. இந்தத் தொடரிலேயே சிலவற்றை ஒப்புக்கொண்டிருக்கிறேன். ஆனால் அந்த 'அளவா கீது' மட்டும் இன்றைக்கும் என்னை விடவில்லை.

உப்பு பார்க்க ஓர் ஆள்

கல்மண்டபத்துக்குப் பக்கத்தில், மீன்வண்டிகள் திரும்பும் தெருவில், எங்களுடையது ஒரு பழைய மாடிக்கட்டடம். கீழே நான், மேலே மும்தாஜ். என் கணவர் சூசை பேசின் பிரிட்ஜ் ரயில் யார்டில் வேலை பார்த்தவர். அவள் கணவர் ஹார்பருக்கு லாரி ஓட்டியவர். இருவரும் முன்னும் பின்னுமாகப் போய்ச் சேர்ந்துவிட்டார்கள். நான் மாநகராட்சிப் பள்ளியில் தமிழ் டீச்சராக இருந்து ஓய்வு பெற்றவள் என்பது தொடர்ந்து படிப்பவர்களுக்குத் தெரியும். புதிதாக வந்தவர்களுக்காக மறுபடி சொல்கிறேன்.

ரமலான் மாதத்தில் மும்தாஜ் தெருமுனையில் ஒரு சின்ன மேசை போட்டுச் சமோசா விற்பாள். நோன்பு வைத்துக்கொண்டு சமைக்கிறவளுக்கு ஒரு சங்கடம் உண்டு. உப்பு பார்க்க முடியாது. நுனிநாக்கில் வைத்துத் துப்பிவிட்டால் தவறில்லை என்று சொல்கிறவர்கள் இருக்கிறார்கள். மும்தாஜுக்கு அது மனசு ஒப்பாது.

"துப்புறதுக்கு முன்னால தொண்டைக்குள்ள பூட்டா இன்னா பண்றது?" என்பாள்.

அதனால் என் நாக்கை இரவல் வாங்குவாள். காபிப்பொடி, சர்க்கரை, தையல் ஊசி என்று நாங்கள் ஒருவருக்கொருவர் இரவல் கொடுத்துக்கொள்ளும் பொருட்களோடு அந்த ஒரு மாதம் என் நாக்கும் சேர்ந்துகொள்ளும்.

என் நாக்குக்குத் தெருவில் வேறொரு பெயரும் உண்டு. நாற்பது பிள்ளைகள் உட்கார்ந்த வகுப்பை முப்பது வருஷம் மேய்த்த நாக்கு, கொஞ்சம் நீளம்தான். மனசில் ஒன்று வந்தால் வாய்க்கு வந்துதான் நிற்கும். "உன் நாக்குக்கு யார்டுல தனி லைன் போடணும்டி," என்பார் சூசை. அந்த நீளமும் இந்தக் கதையில் வரப்போகிறது. அதனால்தான் சொல்லி வைக்கிறேன்.

கீமா போய் சீஸ் வந்தது

முதலில் அவள் செய்தது கீமா சமோசாதான். பல வருடம் கீமாவுக்குத்தான் நான் நாக்கு கொடுத்தேன். ரமலான் ஆண்டுக்குப் பத்து நாள், பதினொரு நாள் என்று முன்னால் நகர்ந்து வரும். அப்படி நகர்ந்து நகர்ந்து, சில வருடங்களுக்கு முன் எங்கள் தவக்காலத்தின்மேல் வந்து உட்கார்ந்தது. சாம்பல் புதனிலிருந்து ஈஸ்டர் வரை நான் கறி தொடமாட்டேன்.

முதல் நாள் அவள் தட்டோடு வந்தபோது நான் வாயைக் கையால் பொத்திக்கொண்டேன்.

"ஒரு துணுக்குதானக்கா."

"துணுக்கும் கறிதான், மும்தாஜு."

"அப்ப நான் யார் நாக்கப் போய்க் கேக்கறது?"

அவளுக்கு அவள் நோன்பு, எனக்கு என் ஒருசந்தி. நடுவில் ஒரு கீமா சமோசா ஆறிக்கொண்டிருந்தது. இரண்டு பேரும் அதைப் பார்த்தபடி வாசலில் நின்றோம். அன்றைய சமோசாவை யாரும் உப்பு பார்க்கவில்லை. போட்டோமோ இல்லையோ என்ற சந்தேகத்தில் அவள் இரண்டு தடவை உப்பு போட்டிருந்தாள் என்று மாலையில் தெரிந்தது.

மறுநாள் மறுபடி வந்தாள். "இதுல கறி இல்ல. மோந்து பாரு."

சீஸ் சமோசா பிறந்தது அப்படித்தான். என் தவக்காலத்துக்காக அவள் கண்டுபிடித்தது. பிறகு கீமா வாங்க வந்தவர்களும் அதைத்தான் கேட்டார்கள் என்பது வேறு விஷயம்.

பார்க்க எளிது, செய்ய வம்பு. சீஸைத் துருவிக் கொஞ்ச நேரம் ஃப்ரீசரில் வைக்கவேண்டும், இல்லையென்றால் எண்ணெயில் போட்டதும் ஒழுகிவிடும். வெங்காயத்தைப் பொடியாக நறுக்கித் துணியில் கட்டிப் பிழிய வேண்டும். பச்சைமிளகாய், ஒன்றிரண்டாக இடித்த மிளகு, கொத்தமல்லி, கொஞ்சம் புதினா. வண்ணாரப்பேட்டையில் வாங்கி வந்த சமோசாப் பட்டியை ஈரத்துணியால் மூடி வைத்து, ஒவ்வொன்றாக உருவி முக்கோணமாக மடித்து, மைதாப் பசையால் ஒட்டுவாள். ஊசிமுனை அளவு ஓட்டை இருந்தாலும் சட்டியில் வெடிக்கும். ஒருமுறை மிதமான சூட்டில் வெளுப்பாகப் பொரித்தெடுத்து, ஆறவிட்டு, மறுபடி நல்ல சூட்டில் போட்டால்தான் அந்த மொறுமொறுப்பு வரும்.

இதெல்லாம் அவள் கைக்கு வந்துவிட்டது. உப்பு மட்டும் வரவில்லை. கீமாவுக்கு எத்தனை சிட்டிகை என்று விரலுக்குத் தெரியும். சீஸ் அப்படியில்லை, அதுவே உப்பு. ஒரு கட்டிக்கும் இன்னொரு கட்டிக்கும் மாறும். கீமாவுக்கு என் நாக்கு ஒரு ஆறுதல் என்றால், சீஸுக்கு அது கட்டாயம்.

யாரிடமும் சொல்லாதது

நான் சொல்ல வந்த வருடம், தவக்காலம் தொடங்குவதற்கு முன் எனக்கு ஒரு காய்ச்சல் வந்தது. ஒரு வாரம் படுத்தேன். எழுந்து காபி போட்டுக் குடித்தால் அது வெந்நீர். மீன்குழம்பு வெந்நீர். ஊறுகாய் நாக்கில் எரிந்தது, ருசிக்கவில்லை. வாசனையும் போய்விட்டது. காசிமேட்டு மீன்வாடைக் காற்று தெருவுக்குள் வருகிற நேரத்திலும் மூக்கு சும்மா கிடந்தது. டாக்டர், "தானா வந்துடும்மா," என்றார்.

நான் யாரிடமும் சொல்லவில்லை. ஏன் என்று பல நாள் யோசித்திருக்கிறேன். பள்ளிக்கூடம் முடிந்தது. சூசை போனார். மகன் வெளியூரில். காலையிலிருந்து மாலைவரை என்னிடம் ஒரு விஷயம் கேட்க வேண்டும் என்று உலகத்தில் யாருக்கும் இல்லை. வருடத்தில் ஒரு மாதம் மட்டும் ஒருத்தி தட்டோடு வந்து, நான் சொல்கிற ஒரு வார்த்தைக்காக மூச்சைப் பிடித்துக்கொண்டு நிற்பாள். அதை விட்டுவிட எனக்கு மனசு வரவில்லை. இதுதான் உண்மை. இதற்குமேல் அதை அலங்கரிக்க விரும்பவில்லை.

நோன்பு தொடங்கிய முதல் சில நாட்கள் தப்பித்தேன். அதே கடை, அதே சீஸ், அவள் கையளவும் மாறவில்லை. "அளவா கீது" என்று தினமும் சொன்னேன். தினமும் சரியாகவே இருந்தது. எனக்கே ருசி திரும்பிவிட்டதுபோல் ஒரு மிதப்பு வந்துவிட்டது.

பச்சைத்தண்ணி

மும்தாஜுக்கு ஒரே அண்ணன். கரீம் பாய். வண்ணாரப்பேட்டையில் லுங்கிக்கடை. அப்பா இல்லாத வீட்டில் தங்கையைத் தோளில் தூக்கி வளர்த்தவர். அவள் லாரி டிரைவரைத்தான் கட்டுவேன் என்று நின்றபோது, "உன் வூட்டு வாசப்படி மிதிச்சாலும் பச்சத்தண்ணி குடிக்க மாட்டேன்," என்று சொல்லிவிட்டுப் போனவர். சொன்னபடியே இருந்தார். அவள் கணவர் இறந்தபோது வந்தார். தெருவில் நின்றார், மய்யித்தைத் தூக்கினார், போய்விட்டார். ஒரு வாய் தண்ணீர் வாங்கவில்லை.

அந்த ரமலானில் திடீரென்று சொல்லியனுப்பினார். வெள்ளிக்கிழமை நோன்பு திறக்க வருகிறேன் என்று.

மும்தாஜ் அதை என்னிடம் சொல்ல ஓடி வந்தாள். நான் சந்தோஷப்பட்டிருக்க வேண்டும். ஆனால் இருபத்தைந்து வருடம் அவள் பெருநாளுக்குப் பெருநாள் அழுததைப் பார்த்தவள் நான். என் நாக்கு சும்மா இருக்குமா?

"வரட்டும், வரட்டும். அவருக்குன்னு ஒரு கை உப்பு அள்ளிப் போடு. இத்தினி வருசம் அழ வெச்சதுக்கு உறைக்கட்டும்."

மும்தாஜ் சிரிக்கவில்லை. "அப்டி சொல்லாதக்கா," என்றாள்.

அந்த வெள்ளிக்கிழமை அவள் தெருமுனையில் மேசை போடவில்லை. செய்தது அத்தனையும் அண்ணனுக்காக. என்னிடம் தட்டோடு வந்ததையும் நான் சொன்னதையும்தான் தொடக்கத்திலேயே எழுதிவிட்டேன்.

மூன்று டம்ளர்

தவக்காலத்து வெள்ளி என்பதால் மாலையில் கோயிலில் சிலுவைப்பாதை. முடித்துவிட்டு நான் வீட்டுப் பூட்டைத் திறந்துகொண்டிருந்தபோது மாடியிலிருந்து கரீம் பாய் இறங்கி வந்தார். வெள்ளைத் தொப்பி, நரைத்த தாடி, நான் நினைத்ததைவிட ஒடுங்கிய மனிதர். என்னைப் பார்த்து நின்றார். மேலே ஒருமுறை திரும்பிப் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினார்.

"கொஞ்சம் தண்ணி கெடைக்குமாம்மா?"

உள்ளே போய்ச் சொம்பும் டம்ளரும் எடுத்து வந்தேன். கடைசிப் படியில் உட்கார்ந்து குடித்தார். டம்ளரை நீட்டினார். மறுபடி ஊற்றினேன். மூன்றாவதும் கேட்டார். அதை முடித்துவிட்டுக் கொஞ்ச நேரம் மூச்சு வாங்கினார்.

"சமோசாவுல உப்பு கொஞ்சம் தூக்கலாப் பூட்ச்சு," என்றார். "ரெண்டு துன்னேன். அங்க தண்ணி மேல தண்ணி கேட்டா கண்டுபுடிச்சிடும். டீ குடிக்கச் சொல்லிச்சு, தொழுகைக்கு நேரமாச்சுன்னு வந்துட்டேன். எனக்குன்னு செஞ்சிருக்கு. அதுகிட்ட சொல்லிடாதீங்கம்மா."

நான் தலையாட்டினேன். அவர் தெருவில் இறங்கிப் போனார். அவர் எழுந்த படியிலேயே உட்கார்ந்தேன்.

கொஞ்ச நேரத்தில் மும்தாஜ் இறங்கி வந்தாள். கையில் ஒரு சமோசா, ஒரு வாய் கடித்தது.

"நீ பார்த்துத்தானக்கா சொன்ன?"

அப்போதே சொல்லியிருக்கலாம். இரண்டு வார்த்தை. அதற்குள் வேறு இரண்டு வந்துவிட்டன.

"சரியாத்தான் இருந்துச்சு. ஆறினா சீஸு உப்பு தூக்கும்."

அவள் கடித்த சமோசாவைப் படியில் வைத்தாள். "ரெண்டு சமோசாவயும் மென்னு முழுங்கிட்டு, டீகூட வாணாம்னு ஓடிச்சு எங்க அண்ணன். மூஞ்சி குடுத்துப் பேசல. இருபத்தஞ்சு வருசம் கழிச்சு வந்தவருக்கு நான் உப்ப அள்ளிக் குடுத்துக்கீறேன்." பிறகு மெதுவாகச் சொன்னாள்: "அன்னிக்கே சொன்ன இல்ல, ஒரு கை உப்பு அள்ளிப் போடுன்னு."

அவள் படியேறிப் போய்விட்டாள்.

தட்டு வராத நாட்கள்

மறுநாள் அவள் வரவில்லை. அதற்கு மறுநாளும் இல்லை. மேலே சட்டியில் எண்ணெய் சீறும் சத்தம் கேட்கும். வாசலில் குரல் கேட்காது. கீமாவுக்கே திரும்பிவிட்டாள் என்று தெருவில் சொன்னார்கள்.

நான் வேண்டுமென்றே செய்தேன் என்று அவள் நினைத்துவிட்டாள். அது எனக்கு வலித்தது. ஆனால் அதைவிடக் கேவலமான ஒன்று என்னிடம் இருந்தது. அண்ணன் கோபித்துக்கொண்டு ஓடவில்லை, அவள் மனசு நோகக்கூடாது என்று தாகத்தை மறைத்துக்கொண்டு ஓடினார் என்பது உலகத்தில் எனக்கு மட்டும்தான் தெரியும். அதைச் சொன்னால் உப்பு தப்பு என்று ஆகும். உப்பு தப்பு என்றால் என் நாக்கு செத்துவிட்டது என்று ஆகும். சொல்லாதீர்கள் என்று அவர் கேட்டுக்கொண்டது எனக்கு நல்ல சாக்காகப் போயிற்று.

அவள் போன் செய்வாள் என்று அவர் அங்கே காத்திருந்தாராம். எந்த முகத்தோடு செய்வது என்று இவள் இங்கே கிடந்தாள். ஈஸ்டருக்கு முன் பாவசங்கீர்த்தனத்துக்குப் போனேன். சாமியார் கேட்டுவிட்டு, "இதை என்கிட்ட சொல்லி என்னம்மா பிரயோஜனம்? மாடியில போய்ச் சொல்லுங்க," என்றார். சரி ஃபாதர் என்றேன். பதினான்கு படிகள். ஏறவில்லை.

காசிமேட்டு லாரி

பெருநாளுக்கு நாலைந்து நாள் இருக்கும்போது பாங்க் வேலையாகத் திருவொற்றியூர் போகக் கல்மண்டபத்தில் ஷேர் ஆட்டோ ஏறினேன். உட்கார்ந்த பிறகுதான் பார்த்தேன், எதிர்சீட்டில் மும்தாஜ். அவள் முகத்தைத் திருப்பிக்கொண்டாள். இறங்கவும் முடியாமல் இருக்கவும் முடியாமல் போய்க்கொண்டிருந்தேன்.

காசிமேட்டுக்குப் பக்கத்தில் வண்டிகள் நின்றுவிட்டன. எங்களை ஒட்டி ஒரு லாரி. மீன்கழிவு ஏற்றியிருக்கிறார்கள் போல. அடியிலிருந்து தண்ணீர் ஒழுகிக்கொண்டிருந்தது. ஆட்டோவில் இருந்த மற்ற ஆறு பேரும் ஒரே நேரத்தில் மூக்கைப் பொத்தினார்கள். ஒருவர் சட்டைக் காலரை மேலே இழுத்துக்கொண்டார். பின்னால் ஒரு பெண்ணுக்குக் குமட்டியது. "கலீஜு வண்டிய ஓரமா வெச்சாதான் இன்னா?" என்று டிரைவர் கத்தினார்.

நான் பாங்க் புத்தகத்தை மடியில் வைத்துக்கொண்டு சாலையைப் பார்த்தபடி இருந்தேன். லாரி நிற்பது தெரியும், ஆனால் அதில் என்ன இருக்கிறது என்று யோசிக்கவில்லை. யோசிக்க மூக்கு எதுவும் சொல்லவில்லை.

"ரோசக்கா."

மூன்று வாரத்தில் முதல் தடவை. துப்பட்டாவால் மூக்கை மூடியிருந்தாள். கண் மட்டும் தெரிந்தது.

"உனக்கு நாறல?"

அப்போதுதான் எனக்கு உறைத்தது. எல்லோர் கையும் மூக்கில் இருந்தது. என் கை மடியில் இருந்தது. அவசரமாகப் புடவைத் தலைப்பை எடுக்கப் போனேன். பாதியில் விட்டுவிட்டேன்.

"நாறல," என்றேன்.

"எத்தினி நாளா?"

"காய்ச்சல் வந்துச்சில்ல, அதுக்கப்பறம்."

"அப்ப அன்னிக்கு?"

"ஒண்ணும் தெரியல மும்தாஜு. உப்பும் தெரியல, சீஸும் தெரியல. பொய் சொன்னேன். வேணும்னு பண்ணல. சத்தியமா வேணும்னு பண்ணல. ஆனா நீ வந்து கேட்டப்பவும் பொய்தான் சொன்னேன்."

ஆறு பேர் கேட்டுக்கொண்டிருந்தார்கள். கேட்கட்டும் என்று மிச்சத்தையும் சொன்னேன். கரீம் பாய் படியில் உட்கார்ந்ததை, மேலே திரும்பிப் பார்த்ததை, மூன்று டம்ளர் குடித்ததை, எனக்குன்னு செஞ்சிருக்கு என்று சொன்னதை.

மும்தாஜ் துப்பட்டாவை மூக்கிலிருந்து எடுத்திருந்தாள். அந்த நாற்றத்தில் அவளும் அப்படியே உட்கார்ந்திருந்தாள்.

"மூணு டம்ளரா?"

"மூணு."

என்னைத் திட்டவில்லை. "வண்டிய நிறுத்துப்பா," என்றாள், நின்றுகொண்டிருந்த வண்டியைப் பார்த்து. இறங்கினாள். லாரிக்கு முன்னால் சாலையைக் கடந்து எதிர்ப்பக்கம் போய், வண்ணாரப்பேட்டைக்கு ஓர் ஆட்டோவைக் கைகாட்டி நிறுத்தியதைப் பார்த்தேன்.

சூசையின் பெயர் பொறித்தது

பெருநாளன்று கரீம் பாய் வந்தார். அதற்குப் பிறகு அடிக்கடி வந்தார். ஒவ்வொரு தடவையும் பையிலிருந்து ஒரு தண்ணீர் பாட்டிலை எடுத்துத் தங்கை கண்ணில் படும்படி மேசையில் வைப்பார். மேலே இரண்டு பேரும் சிரிப்பது கீழே எனக்குக் கேட்கும். மும்தாஜ் என்னோடு பேச இன்னும் கொஞ்ச நாள் ஆயிற்று. ஒரு காலையில் சர்க்கரை கேட்டு வந்தாள். நான் டப்பாவையே கொடுத்தேன்.

போன மழைக்காலத்தில் கடையில் உட்கார்ந்தபடியே அவர் போய்விட்டார். நெஞ்சுவலி என்றார்கள். அண்ணனும் தங்கையும் சேர்ந்திருந்த நாட்கள் மிகக் கொஞ்சம். அதிலும் மூன்று வாரத்தை நான் எடுத்துக்கொண்டேன். மும்தாஜ் இதை ஒருநாளும் சொல்லிக்காட்டியதில்லை. எனக்குத்தான் ஆறவில்லை.

இந்த வருடம் எனக்கு நெற்றியில் சாம்பல் பூசிய மறுநாளே அவளுக்கு நோன்பு தொடங்கியது. அவள் வரமாட்டாள் என்று நினைத்திருந்தேன். பிற்பகலில் வாசலில் குரல் கேட்டது.

"ரோசக்கா, நாக்கு குடு."

"எனக்கு இன்னும் வரல, மும்தாஜு."

"தெரியும். வாயில போடு."

கடித்தேன். "சூடு கீது. மொறுமொறுன்னு கீது. காரம் உதட்டுல சுர்ருங்குது. உப்பு தெரியல."

"உப்பு நான் போடவே இல்ல. சீஸுல கீறதே போதும்," என்றாள். தட்டை வாங்கிக்கொண்டாள். போகவில்லை. ஏதோ கேட்க வந்தவள்போல் நின்றுவிட்டு, பிறகு மேலே போனாள்.

நோன்பு திறக்கிற நேரத்துக்குக் கொஞ்சம் முன்னால் மறுபடி இறங்கி வந்தாள். கையில் ஒரே ஒரு பேரீச்சம்பழம். நேராக என் சமையலறைக்குள் போனாள்.

"அண்ணன் குடிச்சது எந்த டம்ளரு?"

அலமாரியிலிருந்து எடுத்துக் கொடுத்தேன். விளிம்பில் சூசையின் பெயர் வெட்டிய பழைய எவர்சில்வர் டம்ளர். அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். வெளியே வந்து கடைசிப் படியில் உட்கார்ந்தாள். நான் சொம்போடு பக்கத்தில் நின்றேன்.

பள்ளிவாசலில் பாங்கு கேட்டது. பழத்தை வாயில் போட்டாள். ஊற்றினேன், குடித்தாள். டம்ளரை நீட்டினாள். மறுபடி ஊற்றினேன். கண்ணைத் துடைத்துக்கொண்டு அதையும் குடித்தாள். மறுபடி நீட்டினாள்.

"மூணுதானக்கா?"

"மூணுதான்," என்று ஊற்றினேன்.